சுரம் சேராமல் பாட்டுச் சேராது



இன்று நான் பேச எடுத்துக்கொண்ட விடயம் இரண்டு பாட்டுகளை ஒன்றாக்கும் கலை. ஒரு பாட்டிலிருந்து குரலை எடுக்கிறோம். இன்னொரு பாட்டிலிருந்து வாத்தியத்தை எடுக்கிறோம். ஒன்றின் மேல் ஒன்றை ஏற்றி மூன்றாவது பாட்டொன்றைப் பிறக்க வைக்கிறோம். மெஷ்அப் என்று இளையவர்கள் சொல்வது இதைத்தான். லப்டொப் ஒன்றும் டீஜே மென்பொருள் ஒன்றும் இருந்தால் போதும், யாரும் செய்யலாம் என்கிறார்கள். யாரும் செய்யலாம் என்பது உண்மை. யார் செய்தாலும் கேட்கும்படி இருக்குமா? அதுதான் இன்றைய கேள்வி.

மருதமுனையிலிருந்து அக்கரைப்பற்று வரைக்கும் நம்முடைய கிழக்கிலங்கைக் கரையில் மென்பந்துக் கிரிக்கெட் சுற்றுப்போட்டி நடந்தால் மைதானத்தின் ஓரத்தில் ஸ்பீக்கர் கட்டியிருப்பார்கள். பழைய பாட்டும் புதிய பாட்டும் கலந்து ஒன்று ஓடிக்கொண்டிருக்கும். நின்று கவனித்துக் கேளுங்கள். அடி சரியாக விழும், கால் தானாகத் தாளம் போடும். ஆனால் குரல் வந்ததும் ஏதோ ஒன்று நெருடும். பாடகர் அபசுரமாகப் பாடுவது போலிருக்கும். அந்தப் பாடகர் அபசுரமாகப் பாடினாரா? இல்லை. வாத்தியக்காரர் பிழையாக வாசித்தாரா? அதுவும் இல்லை. அவரவர் பாட்டில் இருவருமே சரி. இரண்டையும் சேர்த்தவர் அடியைச் சேர்த்தார், சுரத்தைச் சேர்க்கவில்லை.

அடியைச் சேர்ப்பதை மென்பொருள் ஒரு பொத்தானில் செய்து தருகிறது. ஸிங்க் என்ற அந்தப் பொத்தானைத் தட்டினால் நிமிடத்துக்கு 92 அடி ஓடும் பாட்டு 100 அடிக்கு ஏறிவிடும். பலர் அத்துடன் வேலை முடிந்தது என்று நினைக்கிறார்கள். வேலையே அங்கேதான் தொடங்குகிறது.

ஏனென்றால் ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு ச உண்டு. பாட்டு எங்கே அலைந்தாலும் கடைசியில் வந்து இளைப்பாறும் இடம் அது. அதைச் சுற்றித்தான் மற்றச் சுரங்கள் குடியிருக்கின்றன. இரண்டு பாட்டுகளின் சுரங்கள் ஒன்றோடொன்று இணங்கினால் சேர்க்கை இனிக்கும், இணங்காவிட்டால் உறுத்தும். எந்தப் பாட்டு எந்தப் பாட்டோடு இணங்கும் என்பதை எப்படிக் கண்டுபிடிப்பது?

செராட்டோ, ரெக்கோட்பொக்ஸ், வேர்ச்சுவல் டீஜே, காசில்லாமல் கிடைக்கும் மிக்ஸ் என்று எந்த மென்பொருளை எடுத்தாலும் பாட்டின் பெயருக்குப் பக்கத்தில் 8ஏ, 8பீ, 9ஏ என்று ஓர் எண்ணும் எழுத்தும் வரவைக்கலாம். இது கமலொட் சக்கரம் எனப்படும் முறை. மார்க் டேவிஸ் என்பவர் டீஜேமாருக்காக உருவாக்கியது. கடிகார முகத்தை நினைத்துக்கொள்ளுங்கள். 1 முதல் 12 வரை எண்கள். உள்வட்டத்தில் மைனர் என்னும் பாட்டுகள், அவற்றுக்கு ஏ. வெளிவட்டத்தில் மேஜர் என்னும் பாட்டுகள், அவற்றுக்கு பீ. 8ஏ என்றால் ஏ மைனர். 8பீ என்றால் ஸீ மேஜர். விதி மிக எளிது. 8ஏ பாட்டு 8ஏயோடு சேரும். ஒரு படி தள்ளி 7ஏயோடும் 9ஏயோடும் சேரும். அதே எண்ணில் வெளிவட்டத்திலுள்ள 8பீயோடும் சேரும்.

ஏன் சேருகிறது? 8ஏயில் ஏழு சுரம், 9ஏயில் ஏழு சுரம். அவற்றில் ஆறு பொது, ஒன்றுதான் வேறு. 8ஏயும் 8பீயும் எடுத்தால் ஏழுமே பொது, ச நிற்கும் இடம் மட்டும் வேறு. சக்கரத்தில் எவ்வளவு தூரம் போகிறோமோ அவ்வளவுக்குப் பொதுச் சுரம் குறைந்துகொண்டே போகும். நேர் எதிரில் இருக்கும் 2ஏயோடு 8ஏயைச் சேர்த்துப் பாருங்கள், மைதானமே முகம் சுளிக்கும்.

இது ஏதோ மேல்நாட்டான் கண்டுபிடித்த மந்திரச் சக்கரம் என்று நம்முடைய பிள்ளைகள் நினைக்கிறார்கள். அவர்களை நான் அதிக தூரம் கூட்டிப்போகப் போவதில்லை. கல்முனைக்குடியைக் கடந்து, சாய்ந்தமருதைக் கடந்து போனால் காரைதீவு. அங்கே 1892ஆம் ஆண்டு மயில்வாகனம் என்றொரு பிள்ளை பிறந்தது. நம்முடைய கல்முனையில் மெதடிஸ்தப் பாடசாலைக்கு வந்து படித்த பிள்ளை. லண்டன் பல்கலைக்கழகத்தின் விஞ்ஞானப் பட்டதாரி. பின்னாளில் துறவு பூண்டு விபுலாநந்த அடிகள் ஆனார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்துக்கும் அவர்தான் முதல் தமிழ்ப் பேராசிரியர், இலங்கைப் பல்கலைக்கழகத்துக்கும் அவர்தான் முதல் தமிழ்ப் பேராசிரியர். அவர் பல்லாண்டு உழைத்து எழுதிய யாழ் நூல் 1947 ஜூன் மாதம் தமிழ்நாட்டில் திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில், கரந்தைத் தமிழ்ச் சங்கத்தின் முயற்சியில் அரங்கேறியது. அடுத்த மாதமே அடிகள் மறைந்தார்.

அந்த நூலில் என்ன இருக்கிறது? சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையையும் ஆய்ச்சியர் குரவையையும் உரைகாரர் குறிப்புகளையும் வைத்துக்கொண்டு, பழந்தமிழர் நரம்பை எப்படிச் சுருதி கூட்டினார்கள் என்று கணக்குப் போட்டுக் காட்டுகிறார். குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்று ஏழு சுரம். குரல் என்பது ச. இளி என்பது ப. ஒரு நரம்பின் மூன்றில் இரண்டு பங்கை மீட்டினால் அதன் இளி கேட்கும். அந்த இளியைக் குரலாக வைத்து அதன் இளியைத் தேடு. அதற்கும் இளியைத் தேடு. இப்படியே போனால் பன்னிரண்டு நிலைகளும் பிறக்கும். பன்னிரண்டையும் இராசி வீடுகள் போல வட்டமாக நிறுத்தியதற்கு வட்டப்பாலை என்று பெயர்.

கமலொட் சக்கரத்தில் 8ஏயிலிருந்து 9ஏக்குப் போகிறோமே, அது என்ன நடை? இளி நடை. ஏயின் இளி ஈ. 8ஏ என்பது ஏ மைனர், 9ஏ என்பது ஈ மைனர். ஒரு வேறுபாடு உண்டு, அதையும் சொல்லிவிட வேண்டும். வட்டப்பாலையில் வீடுகள் சுரம் ஏறும் ஒழுங்கில் நிற்கின்றன. இருக்கும் வீட்டையும் சேர்த்து எண்ணினால் எட்டாவது வீட்டில் இளி இருக்கும். கமலொட் சக்கரத்தில் இளியே அடுத்த வீடு. நிறுத்திய ஒழுங்கு வேறு, வீடு பன்னிரண்டுதான், உறவு இளி உறவுதான். ஆய்ச்சியர் குரவையிலும் இந்த வட்டம் உண்டு: ஆயர்குலத்து மாதரி ஏழு பெண்களுக்கு ஏழு சுரங்களின் பெயரை வைத்து வட்டமாக நிறுத்தி ஆட வைக்கிறாள். காரைதீவில் சிலப்பதிகார நாயகி கண்ணகிக்குக் கோயில் இருக்கிறது, வைகாசியில் குளிர்த்திச் சடங்கு நடக்கிறது. அந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த பிள்ளைக்கு அந்தக் காதையில் இசைக்கணக்கு தென்பட்டதில் எனக்கு வியப்பில்லை.

தம்பிமாரே, இன்னொரு கணக்கும் கேளுங்கள். இது உங்கள் விரல் நுனியில் இருக்க வேண்டும். சுரத்தை ஏழு அரைச்சுரம், அதாவது கீபோர்ட்டில் கறுப்பும் வெள்ளையுமாக ஏழு கட்டை, ஏற்றினால் சக்கரத்தில் ஓர் எண் நகரும். ஓர் அரைச்சுரம் ஏற்றினால் ஏழு எண் நகரும். 8ஏயை ஓர் அரைச்சுரம் ஏற்றுங்கள். எட்டும் ஏழும் பதினைந்து, பன்னிரண்டைக் கழித்தால் மூன்று. 3ஏ. இரண்டு அரைச்சுரம் ஏற்றினால் 10ஏ.

இப்போது உண்மையான வேலைக்கு வருவோம். குரல் எடுக்கப்போகும் பாட்டு 92 அடி, 8ஏ. வாத்தியம் எடுக்கப்போகும் பாட்டு 100 அடி, 6ஏ. என்ன செய்வது? முதலில் கீ லொக் பொத்தான் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். அது இல்லாமல் வேகத்தைக் கூட்டினால் சுரமும் கூடவே ஏறும். ஏறக்குறைய ஆறு வீதம் வேகம் கூடினால் ஓர் அரைச்சுரம் ஏறிவிடும். 92ஐ 100 ஆக்கினால் ஒன்றரை அரைச்சுரத்துக்குக் கிட்ட ஏறும். அது சக்கரத்தில் எந்த வீட்டிலும் விழாது, இரண்டு வீட்டுக்கும் நடுவில் தொங்கும். கீ லொக் போட்டால் வேகம் மட்டும் மாறும். அப்படியென்றாலும் ஒரே பாட்டின் மேல் முழுச் சுமையையும் ஏற்றாதீர்கள். இரண்டையும் 96க்குக் கொண்டுவாருங்கள். ஒன்று நாலு வீதம் ஏறட்டும், மற்றது நாலு வீதம் இறங்கட்டும். காதுக்குத் தெரியாது.

பிறகு சுரம். குரலைத் தொடாதீர்கள். வாத்தியத்தை இரண்டு அரைச்சுரம் ஏற்றுங்கள், 6ஏ வந்து 8ஏயில் நிற்கும். ஏன் குரலைத் தொடக்கூடாது? மனிதக் குரலில் தொண்டையின் வடிவம் பதிந்திருக்கிறது. சுரத்தை இழுத்தால் அந்த வடிவமும் இழுபடும். பாடகர் குழந்தையாகிவிடுவார் அல்லது பூதமாகிவிடுவார். கிட்டாருக்கும் கீபோர்ட்டுக்கும் அந்தச் சிக்கல் குறைவு.

தோல்வாத்தியத்துக்குச் சுரமில்லை, அதை எங்கேயும் வைக்கலாம் என்று சொல்வார்கள். பக்கீர்மாரின் றபானுக்கு அது பெரும்பாலும் பொருந்தும். மிருதங்கத்துக்கும் தபேலாவுக்கும் பொருந்தாது. மிருதங்கத்தின் வலந்தலையைப் பாடகரின் ‘ச’வுக்குச் சுருதி கூட்டித்தான் வாசிப்பார்கள். வேறு சுருதிக் குரலுக்குக் கீழே அந்த மிருதங்கத்தை வைத்தால், ஒவ்வொரு அடியிலும் இன்னொரு ச ஒலித்துக்கொண்டே இருக்கும். தபேலா ஓடும் துண்டை எடுக்கும்போது அதன் சுருதியையும் தனியாகக் கேட்டுப் பாருங்கள்.

குரலையும் வாத்தியத்தையும் பிரிப்பது முன்பு பெரும்பாடு. குரல் மட்டும் தனியாக வெளிவந்த பாட்டுகளைத் தேடித் திரிய வேண்டும். 2019இல் டீசர் நிறுவனம் ஸ்ப்ளீட்டர் என்ற கருவியை எல்லோருக்கும் திறந்துவிட்டது. கலந்து முடிந்த பாட்டுக்குள்ளிருந்து குரலையும் தோல்வாத்தியத்தையும் தனித்தனியாகப் பிரித்துத் தரும் கருவி. இப்போது டீஜே மென்பொருட்கள் பலவற்றிலும் ஸ்டெம்ஸ் என்ற பெயரில் அந்த வசதி வந்துவிட்டது. நாற்பது வருடம் பழைய சினிமாப் பாட்டிலிருந்தும் குரலைத் தனியே உரித்து எடுக்கலாம். ஒன்று மட்டும் கவனம். அந்தக் காலத்துப் பாட்டுகள் கசெட்டிலிருந்து ஏற்றப்பட்டிருந்தால் சுரம் அரைகுறையாக விலகி நிற்கும். கசெட் ஓடிய வேகம் அப்படி. முதலில் அந்த விலகலைச் சிறிது சிறிதாகத் திருத்திவிட்டுத்தான் சக்கரத்தைப் பார்க்க வேண்டும்.

இனி, நான் முக்கியமாகச் சொல்ல வந்த விடயம். மென்பொருள் காட்டும் எண்ணை நம்முடைய பாட்டுகளுக்கு அப்படியே நம்பலாமா?

நம்ப முடியாது. ஏன் என்று சொல்கிறேன். மென்பொருளுக்குக் காது கிடையாது. பாட்டில் எந்தச் சுரம் எவ்வளவு ஒலிக்கிறது என்று எண்ணிப் பார்க்கும். பிறகு இது மேஜரின் சாயலா, மைனரின் சாயலா என்று ஒப்பிடும். அதற்குத் தெரிந்தது அந்த இரண்டு சாயல்தான். நம்முடைய பாட்டுகள் இராகத்தில் பிறந்தவை. மாயாமாளவகௌளையை எடுங்கள், பிள்ளைகள் சங்கீத வகுப்பில் முதன்முதல் பாடும் இராகம். ஸீயை சவாக வைத்தால் அதன் ரி டீ பிளாட், த ஏ பிளாட். அது மேஜரும் இல்லை, மைனரும் இல்லை. மென்பொருள் ஸீ மேஜர் என்று 8பீ காட்டினாலும் காட்டும், எஃப் மைனர் என்று 4ஏ காட்டினாலும் காட்டும். 8பீ என்று காட்டியதை நம்பி இன்னொரு 8பீ பாட்டை அதன் கீழே வைத்தால், ஒன்றில் டீ, மற்றதில் டீ பிளாட். இரண்டும் முட்டிக்கொள்ளும். எண் சேர்ந்தது, சுரம் சேரவில்லை.

மோகனத்தைப் பாருங்கள். அது நமக்கு வாய்த்த கொடை. ஸீ, டீ, ஈ, ஜீ, ஏ. ஐந்தே சுரம். அதே ஐந்து கட்டையில் சவை ஏயில் வைத்தால் சுத்த தன்யாசி. டீயில் வைத்தால் மத்தியமாவதி. ஈயில் வைத்தால் இந்தோளம். ஜீயில் வைத்தால் சுத்த சாவேரி. ஐந்து கட்டை, ஐந்து இராகம். பழந்தமிழில் இதற்குப் பண்ணுப் பெயர்த்தல் என்று பெயர். 8ஏயும் 8பீயும் சேரும் என்று சக்கரம் சொல்கிறதே, அதன் உள்ளே இருப்பதும் இந்தப் பெயர்த்தல்தான். அதுமட்டுமல்ல. ஸீ மோகனத்தின் ஐந்து சுரமும் 7பீயிலும் இருக்கின்றன, 8பீயிலும் இருக்கின்றன, 9பீயிலும் இருக்கின்றன. ஆகவே மோகனத்தில் அமைந்த ஒரு பாட்டின் குரலை இந்த மூன்று வீட்டு வாத்தியத்தின் மேலும் வைக்கலாம். மெஷ்அப் பழகத் தொடங்கும் பிள்ளைக்கு நான் சொல்வது, முதலில் மோகனத்தில் தொடங்கு.

நம்முடைய ஊர் இசைக்கு வந்தால் சக்கரம் இன்னும் தடுமாறும். நாட்டார் கவியை நம்முடைய வாப்பாமாரும் உம்மாமாரும் நீட்டிப் பாடினார்களே, அதில் தாளக்கட்டு இல்லை. மென்பொருள் அதில் அடியைத் தேடித் தேடிக் களைத்துப்போகும். அதை அடியில் பூட்டாதீர்கள். கவியின் சவைக் காதால் பிடித்து, அந்தச் சவில் நீண்ட சுருதி ஒன்றை மட்டும் கீழே ஓடவிடுங்கள். அதன் அழகு அப்போதுதான் வெளியே வரும். பொல்லடியில் தாளம் இருக்கிறது, ஆனால் ஆட்டம் சூடேற ஏற வேகம் கூடும். தொடக்கத்து அடியை வைத்து முழுப்பாட்டையும் பூட்டினால் பாதியில் வழுக்கிவிடும். பைலாவில் ஆறின் நடை. சினிமாப் பாட்டின் நாலு நடையோடு அதைப் பூட்டினால், எண் சரியாகக் காட்டும், கால் தடுமாறும்.

அரபு மெட்டில் அமைந்த கசீதாக்கள் இன்னொரு வகை. ஹிஜாஸ் என்னும் மகாமின், அதாவது அரபு இராகத்தின், சுரங்கள் நம்முடைய வகுளாபரணத்துக்குக் கிட்ட வரும், அதைக் கட்டையில் பிடிக்கலாம். பயாத்தி மகாமின் ஒரு சுரம் இரண்டு கட்டைக்கும் நடுவில் நிற்கிறது. பன்னிரண்டு வீட்டில் அதற்கு வீடே இல்லை. விபுலாநந்தர் பன்னிரண்டோடு நிற்காமல் இருபத்திரண்டு அலகு என்று நுணுக்கமாகக் கணக்குப் போட்டதும், இசையாய்வாளர் ஆபிரகாம் பண்டிதர் தம்முடைய கருணாமிர்த சாகரத்தில் இருபத்துநான்கு என்று வாதாடியதும், கட்டைகளுக்கு நடுவில் ஒலிக்கும் இப்படியான சுரங்களுக்கு இடம் தேடித்தான்.

இந்த இடத்தில் ஒரு வார்த்தை. இசை பற்றி நம்முடைய சமூகத்தில் ஒரே கருத்து இல்லை. பாட்டே வேண்டாம் என்று ஒதுங்கி வாழும் பெரியவர்கள் இருக்கிறார்கள். அவர்களுடைய பேணுதலை மதிக்கிறேன். பாங்கையும் குர்ஆன் கிராஅத்தையும் எந்த வாத்தியத்தோடும் சேர்க்கக் கூடாது. அதில் எனக்குப் பேச்சே இல்லை. கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளிவாசலில் நாகூர் ஆண்டகை பெயரால் கொடியேறும் நாட்களில் பக்கீர்மார் றபான் அடித்துப் பாடுவதைப் பலர் போனில் பதிவுசெய்கிறீர்கள். பதிவுசெய்யுங்கள், பத்திரப்படுத்துங்கள். ஆனால் அந்தக் குரலின் கீழே டிஸ்கோ அடியை வைக்க வேண்டாம். அது றாத்திபு, வழிபாட்டுப் பாடல். பாடியவரைக் கேட்காமல் அதைத் தொடக் கூடாது.

சினிமாப் பாட்டுக்கு மட்டும் கேட்கத் தேவையில்லையா? தேவை. 2004இல் டேஞ்சர் மவுஸ் என்ற கலைஞர் ஜே-ஸீயின் கறுப்பு அல்பத்திலிருந்து குரலையும் பீட்டில்ஸின் வெள்ளை அல்பத்திலிருந்து வாத்தியத்தையும் எடுத்துச் சாம்பல் நிற அல்பம் ஒன்று செய்தார். உலகமே கேட்டது. பீட்டில்ஸ் பாட்டுகளின் ஒலிப்பதிவு உரிமையை வைத்திருந்த ஈஎம்ஐ நிறுவனம் நிறுத்தச் சொல்லிக் கடிதம் அனுப்பியது. நம்முடைய நாட்டிலும் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இருக்கிறது. மற்றவருடைய பாட்டை மாற்றி வெளியிட அவருடைய அனுமதி வேண்டும். வீட்டில் பழகுங்கள், நண்பர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். வெளியிடும்போதும் காசுக்கு விற்கும்போதும் கேட்டுச் செய்யுங்கள்.

கேட்டு, முறையாகச் செய்தால் எங்கே போகலாம்? மாதங்கி அருள்பிரகாசத்தைப் பாருங்கள், உலகம் எம்.ஐ.ஏ. என்று அழைக்கும் ஈழத்துத் தமிழ்ப் பெண். 2007இல் வெளிவந்த அவருடைய ‘கலா’ என்ற அல்பத்தில் முதல் பாட்டு, ‘தளபதி’ படத்தில் இளையராஜா இசையமைத்த ‘காட்டுக்குயிலு’ பாட்டின் துண்டொன்றின் மேல் நிற்கிறது. அல்பத்துக்கு வைத்த பெயர் அவருடைய தாயின் பெயர். சென்னையில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த வித்யா வொக்ஸ், ஆங்கிலப் பாட்டையும் இந்தியப் பாட்டையும் ஒரே சுருதியில் தானே பாடிச் சேர்த்து யூடியூப்பில் பெயரெடுத்தார். தானே பாடுவதில் ஒரு வசதி இருக்கிறது. குரலை இழுக்கத் தேவையில்லை, ஒரு சவைப் பிடித்துக்கொண்டு இரண்டு பாட்டையும் அதிலேயே பாடிவிடலாம். பாடத் தெரிந்த தங்கைமாருக்கு நான் காட்டும் பாதை அதுதான். ராப் பாடகர் யோகி பி மலேசியாவிலிருந்து 2006இல் ‘நிழல்கள்’ படத்துப் பாட்டைப் புதுப்பித்துக் கொடுத்ததும் இந்த வழியில் ஒரு பெரிய அடி.

இலங்கை வானொலியில் அப்துல் ஹமீத் அவர்கள் நடத்திய ‘பாட்டுக்குப் பாட்டு’ நிகழ்ச்சியைக் கேட்டு வளர்ந்த ஊர் இது. ஒரு பாட்டு நின்ற எழுத்தில் அடுத்த பாட்டு தொடங்க வேண்டும். நம்முடைய பெரியவர்கள் பலருக்கு ஆயிரம் பாட்டின் முதலெழுத்து மனப்பாடம். தம்பிமாரே, உங்களுக்கு நான் கொடுக்கும் வேலை அதே மாதிரியானது. முதலெழுத்துக்குப் பதிலாக, பாட்டின் சவை மனப்பாடம் பண்ணுங்கள். ஹார்மோனியமோ கீபோர்ட்டோ போன் செயலியோ, எதையாவது பக்கத்தில் வையுங்கள். பல்லவி முடிந்து பாட்டு இளைப்பாறும் இடத்தில் நிறுத்துங்கள். வாயால் அந்தச் சுரத்தை முணுமுணுத்து, எந்தக் கட்டை என்று தேடிப் பிடியுங்கள். மென்பொருள் காட்டிய எண்ணோடு ஒப்பிடுங்கள். வேறுபட்டால் உங்கள் காதை நம்புங்கள், எண்ணைத் திருத்தி எழுதுங்கள். ரி சின்னதா பெரிதா, க சின்னதா பெரிதா என்று பக்கத்தில் குறித்துவையுங்கள். கொப்பி ஒன்றில் நம்முடைய பாட்டுகளுக்கென்று இப்படி ஒரு பட்டியல் வளரட்டும். இப்படியொரு பட்டியலை எந்த நிறுவனமும் நமக்குச் செய்து தரப் போவதில்லை.

சொல்லிக்கொண்டே போகலாம். ஆனால் இது காதால் தெளிய வேண்டிய விடயம். லப்டொப்பை ஸ்பீக்கரில் பூட்டித் தயாராக வைத்திருக்கிறார்கள். இரண்டு துண்டு போடப்போகிறேன். இரண்டிலும் குரல் ஒன்று, அடி 96. ஒரு துண்டில் வாத்தியம் 2ஏயில், மற்றதில் 8ஏயில். எது எது என்று சொல்லாமல் போடுகிறேன். சேர்ந்தது எது என்று தெரிந்தவுடன் கையை உயர்த்துங்கள். சங்கீதம் படிக்காதவர்கள் முதலில் உயர்த்துங்கள்.